சாப்பாட்டுப் பணம்

கடனைத் திருப்பித் தராதவரைச் சிறைக்கு அனுப்ப வேண்டுமென்றால் அவருடைய சாப்பாட்டுச் செலவை நாம்தான் கட்ட வேண்டும் என்பது 2004-ஆம் ஆண்டு ஜூலை மாதம் வரை எனக்குத் தெரியாது. வக்கீல் வீட்டு வராந்தாவில் நின்றுகொண்டிருந்தேன். குமாஸ்தா ஒரு துண்டுக் காகிதத்தில் கணக்கு எழுதிக் கொடுத்தார். வாரண்டு பேட்டா, அமீனா போக்குவரத்து, அதற்குக் கீழே சாப்பாட்டுப் பணம் என்று தனியாக ஒரு தொகை.

"சாப்பாடு யாருக்கு?" என்றேன்.

"நம்ம ஆளுக்குத்தான். புடிச்சிக் கொண்டாந்து ஜட்ஜ் முன்னால நிறுத்துத வரைக்கும் அவரு பட்டினி கெடக்கக் கூடாதுல்லா. ஜெயிலுக்குப் போனா மாசாமாசம் முன்கூட்டியே கட்டணும். கட்டலேன்னா அன்னைக்கே வெளிய விட்டுருவான்."

'நம்ம ஆள்' என்று அவர் சொன்னது விளையாட்டுக்கல்ல. முப்பது வருடம் நீதிமன்றப் படியேறியவருக்கு வாதி, பிரதிவாதி எல்லோரும் நம்ம ஆட்கள்தான். ஆனால் அந்தச் சொல் என்னைக் குத்தியது. ஏனென்றால் அவர் உண்மையிலேயே எங்கள் ஆளாக இருந்தவர்.

ஊரில் எல்லோருக்கும் அவர் அச்சாபீஸ்காரர். எனக்கு அச்சாபீஸ் மாமா. தாமிரபரணிக் கரையில் இருந்த எங்கள் ஊரில் கல்யாணப் பத்திரிகை, கோயில் கொடை நோட்டீஸ், சினிமாத் துண்டுப் பிரசுரம் எல்லாம் அவருடைய டிரெடில் மெஷினில்தான் மிதிபட்டு வெளியே வரும். அப்பா தொடக்கப்பள்ளி ஆசிரியர். மாலையில் பள்ளி விட்டதும் அங்கே போய் உட்கார்ந்து புரூப் பார்த்துக் கொடுப்பார். கூலி கிடையாது, காபி மட்டும் உண்டு. நான் ஆறாவது படிக்கும்போது மாமா என் பெயரை ஈய எழுத்துகளில் கோத்து, நூலால் இறுகக் கட்டி என் கையில் கொடுத்தார். எழுத்துகள் இடவலம் மாறியிருந்தன. கண்ணாடி முன்னால் பிடித்துப் பார்க்கச் சொன்னார். அச்சு மையின் வாசனையை எங்கே முகர்ந்தாலும் இன்றும் எனக்கு முதலில் அந்தக் கண்ணாடிதான் நினைவுக்கு வருகிறது.

1987-இல் அவர் பழைய சிலிண்டர் மெஷின் ஒன்றை வாங்கத் தீர்மானித்தார். ஆஃப்செட் அச்சு திருநெல்வேலி வரை வந்துவிட்ட சமயம் அது. ஈய எழுத்துகளுக்கு இன்னும் எத்தனை நாள் என்று அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் தொழிலில் ஊறியவர்கள் தொழில் சாவதைக் கடைசியில்தான் பார்க்கிறார்கள். என் அக்காவின் கல்யாணத்துக்காக அப்பா பி.எப்.பிலிருந்து எடுத்து வைத்திருந்த 18,000 ரூபாயை மூன்று மாதத் தவணைக்குக் கேட்டார். ரெவின்யூ ஸ்டாம்பு ஒட்டி, புரோநோட்டில் கையெழுத்திட்டு வாங்கிக்கொண்டார். புரோநோட்டை அவரே எழுதினார். அவருடைய கையெழுத்து அப்பாவினுடையதைவிட அழகாக இருக்கும்.

மூன்று மாதம் மூன்று வருடம் ஆயிற்று. அக்காவுக்கு நிச்சயமாகவிருந்த இடம் கைவிட்டுப் போனது. 1989-இல் மாமாவின் மகளுக்குக் கல்யாணம் நடந்தது. அவள் அக்காவோடு ஒரே வகுப்பில் படித்தவள். அப்பா எங்களையும் அழைத்துக்கொண்டு போய்ப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு, மொய்யும் எழுதிவிட்டு வந்தார். வீட்டுக்கு வந்த பிறகு அம்மா ஒரே ஒரு வாக்கியம் சொன்னாள். "அந்தப் புள்ள கழுத்துல கெடக்கது நம்ம பணம்." அதன்பிறகு பதினைந்து வருடம் அதையேதான் சொன்னாள். பணம் மெஷினில் போயிற்றா, மகளின் நகையில் போயிற்றா என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது. இரண்டிலும் போயிருக்கலாம்.

புரோநோட்டுக்கு மூன்று வருடம்தான் ஆயுள். அது முடிவதற்குச் சில நாட்கள் இருக்கும்போது, 1990-இல் அப்பா முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார். 1992 ஆகஸ்டில் டிக்ரி ஆயிற்று. வழக்கில் ஜெயித்தால் பணம் வந்துவிடும் என்று நினைப்பவர்கள் வழக்கே போடாதவர்கள். டிக்ரி கையில் கிடைத்த பிறகுதான் உண்மையான வழக்கு ஆரம்பிக்கிறது. நிறைவேற்று மனு, கோர்ட்டுப் பேச்சில் ஈ.பி. அப்பா 1994-இல் ஜப்திக்கு மனுப் போட்டார். அமீனா போய்ப் பார்த்தபோது சிலிண்டர் மெஷின் பழைய இரும்புக்குப் போயிருந்தது. ஈய எழுத்துகளை எடைக்குப் போட்டிருந்தார்கள். காலி அறையில் எழுத்துப் பெட்டிகளின் மரச் சட்டங்கள் மட்டும் சாய்த்து வைக்கப்பட்டிருந்தனவாம். வீடு இருந்தது, ஆனால் மனைவி பெயரில். கோர்ட்டு சம்மன் வந்து ஒரு மாதம் கழித்து, 1990 அக்டோபரில், செட்டில்மெண்ட் எழுதிப் பதிவு செய்திருந்தார். அதை உடைக்க வேண்டுமானால் இன்னொரு வழக்கு, இன்னொரு பத்து வருடம். ஜப்தி செய்யத் தக்க பொருள் ஏதுமில்லை என்று அமீனா எழுதிக் கொடுத்த அறிக்கையோடு அந்த மனு முடிந்தது.

கைது மனுப் போடலாம் என்று வக்கீல் அப்போதே சொல்லியிருக்கிறார். அப்பா போடவில்லை. சிநேகிதரின் மேல் கருணையா, அல்லது அவருக்குச் சாப்பாட்டுப் பணம் கட்ட மனம் வராமலா என்று நான் பலமுறை யோசித்திருக்கிறேன். அப்பா சிக்கனக்காரர். கருணையும் சிக்கனமும் ஒரே முடிவுக்கு வரும் இடங்கள் வாழ்க்கையில் நிறைய உண்டு. 2001-இல் அவர் காலமானார். டிக்ரிக்குப் பன்னிரண்டு வருடம்தான் ஆயுள். 2004 ஆகஸ்டோடு அது வெற்றுக் காகிதம் என்று வக்கீலிடமிருந்து கடிதம் வந்தபோது நான் மதுரையில் வேலையில் இருந்தேன். அம்மா, அக்கா, நான் மூவரும் வாரிசுகளாகச் சேர்ந்தோம். அக்கா வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் பேனாவைத் திருப்பிக் கொடுத்தாள். எதுவும் சொல்லவில்லை. அவளுடைய கல்யாணம் 1993-இல், முதலில் பேசியதில் பாதி நகையோடு நடந்தது. "உங்கப்பா கோர்ட்டுக்கு நடந்த நடைக்காவது ஒரு கணக்கு வேண்டாமா?" என்றாள் அம்மா. பிப்ரவரியில் கைது மனு தாக்கலாயிற்று. ஏன் உங்களைக் கைது செய்யக் கூடாது என்று காரணம் கேட்டு நோட்டீஸ் போனது. மாமா ஆஜராகவில்லை. கோடை விடுமுறை கழிந்து வாரண்டு பிறந்தது.

அன்று மாலை வக்கீலிடமிருந்து உரிமையியல் விசாரணை முறைச் சட்டப் புத்தகத்தை இரவல் வாங்கிக்கொண்டு வந்து படித்தேன். 1908-ஆம் ஆண்டுச் சட்டம். இலக்கியம் படிக்கிறவர்கள் சட்டப் புத்தகத்தைத் தொடுவதில்லை. தொட்டால் சில இடங்களில் நாவலைப் போலவே இருக்கிறது. 55-ஆவது பிரிவு சொல்கிறது: கடனாளியை எந்த நாளிலும் எந்த நேரத்திலும் கைது செய்யலாம். ஆனால் சூரியன் மறைந்த பிறகும் உதிப்பதற்கு முன்பும் குடியிருக்கும் வீட்டுக்குள் நுழையக் கூடாது. வெளிக்கதவை உடைக்கக் கூடாது, வீடு அவருடைய அனுபவத்தில் இருந்து அவர் உள்ளே விட மறுத்தால் ஒழிய. பிறர் முன் வரும் வழக்கமில்லாத பெண் ஒருத்தி இருக்கும் அறை என்றால் அவள் வெளியேறத் தக்க அவகாசம் கொடுக்க வேண்டும். 56-ஆவது பிரிவு: பணத்துக்கான டிக்ரியில் பெண்ணைக் கைது செய்யக் கூடாது. 57-ஆவது பிரிவுதான் சாப்பாடு. கடனாளிகளுக்கான மாதப் படியை அவர்களுடைய அந்தஸ்து, இனம், தேசம் ஆகியவற்றுக்கு ஏற்ப ஏற்றியும் இறக்கியும் மாநில அரசு நிர்ணயிக்கலாம் என்று அதில் இருக்கிறது. வெள்ளைக்காரக் கடனாளிக்கு ரொட்டி, நம்மவருக்குக் கஞ்சி என்று எவனோ ஒருவன் மேசையில் உட்கார்ந்து யோசித்திருக்கிறான். 60-ஆவது பிரிவு ஜப்தியிலிருந்து எவற்றுக்கு விலக்கு என்று பட்டியலிடுகிறது. உடுதுணி, சமையல் பாத்திரம், படுக்கை, கைத்தொழில் செய்பவனின் கருவிகள், அவற்றோடு சமய வழக்கப்படி ஒரு பெண் தன்னிடமிருந்து பிரிக்க முடியாத ஆபரணங்கள். தாலி என்ற சொல் இல்லை, ஆனால் எழுதியவனின் மனத்தில் இருந்தது அதுதான். இந்தப் பிரிவை நான் இரண்டு முறை படித்தேன். நல்ல சட்டம் என்று எனக்குத் தோன்றியது.

கட்டளை 21, விதி 39-இல் வேறொரு விசித்திரம். கடனாளியின் சாப்பாட்டுக்கு நாம் கட்டும் பணம் வழக்குச் செலவில் சேரும். அதாவது, அதையும் அவர் நமக்குத் தர வேண்டும். ஆனால் அந்தப் பணத்துக்காக மட்டும் அவரைச் சிறையில் வைக்கக் கூடாது. சிறையில் தின்ற சோற்றுக்கடனுக்காக ஒருவன் முடிவில்லாமல் சிறையில் கிடப்பதை எவரோ எங்கோ பார்த்திருக்கிறார்கள் என்று தோன்றியது. பார்க்காமல் இப்படியொரு விதி வராது.

உடலைப் பிடித்தால் பணம் வரும் என்பது பழைய நம்பிக்கை. 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக் கடற்கரைக்கு வந்த மார்க்கோ போலோ ஒரு வழக்கத்தை எழுதி வைத்திருக்கிறார். தவணை தவறிய கடனாளியைச் சுற்றிக் கடன் கொடுத்தவன் தரையில் ஒரு வட்டம் வரைந்துவிட்டால், கடனைத் தீர்க்காமலோ பிணை கொடுக்காமலோ அவன் அந்தக் கோட்டைத் தாண்டக் கூடாது. தாண்டினால் மரண தண்டனை. ஒரு வெளிநாட்டு வணிகன் அரசனையே அப்படி வளைத்துக் கோடு போட்டதையும், அவனுக்குச் சேர வேண்டியதைத் தரும்வரை அரசன் குதிரையோடு வட்டத்துக்குள் நின்றதையும் தான் கண்ணால் பார்த்ததாக அவர் சொல்கிறார். அவர் கொஞ்சம் மிகைப்படுத்தக் கூடியவர், இருந்தாலும் நம்ப ஆசையாக இருக்கிறது. வடக்கே தர்ணா. கடன் கொடுத்தவன் கடனாளியின் வாசலில் பட்டினியாக உட்கார்ந்துவிடுவான். அவன் செத்தால் பாவம் வீட்டுக்காரனுக்கு. வெள்ளைக்காரர்கள் இதைக் கண்டு பயந்து, 1860-ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டத்தின் 508-ஆவது பிரிவில் தர்ணா உட்காருவதையே உதாரணமாகக் காட்டிக் குற்றமாக்கினார்கள். அப்போது அவர்களுடைய ஊரிலேயே கடனாளிச் சிறைகள் இருந்தன. டிக்கன்ஸின் தந்தை 1824-இல் நாற்பது பவுன் சொச்சம் கடனுக்காக மார்ஷல்ஸி சிறையில் அடைபட்டதும், பன்னிரண்டு வயதுப் பையன் பூட்ஸ் பாலிஷ் தொழிற்சாலையில் புட்டிகளுக்கு லேபிள் ஒட்டியதும் நம் வாசகர்கள் அறிந்தது. இங்கிலாந்து 1869-இல் அந்த வழக்கத்தைப் பெரும்பாலும் ஒழித்தது. நமக்கு எழுதிக் கொடுத்த சட்டத்தில் விட்டுவைத்தது. ஒரே ஒரு வேறுபாடு எனக்குப் பிடிக்கிறது: தர்ணாவில் பட்டினி கிடப்பவன் கடன் கொடுத்தவன். சிவில் ஜெயிலில் சோறு போடுபவனும் அவனே.

1936-இல் 51-ஆவது பிரிவில் ஒரு வரம்பு சேர்த்தார்கள். கையில் வசதி இருந்தும் தர மறுப்பவன், வழக்கு தொடுத்த பிறகு நேர்மையின்றிச் சொத்தை மாற்றியவன், ஓடிப்போகக் கூடியவன், இப்படிப்பட்டவர்களைத்தான் சிறைக்கு அனுப்பலாம். இல்லாதவனை அனுப்பக் கூடாது. 1980-இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் கொச்சி வங்கி வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இந்த வரம்புக்கு உயிர் கொடுத்தார். இரண்டரை லட்சம் ரூபாய்க்கான டிக்ரி. ஒப்பந்தக் கடனைத் தீர்க்க இயலவில்லை என்பதற்காக மட்டும் ஒருவரைச் சிறையிலடைக்கக் கூடாது என்ற சர்வதேச உடன்படிக்கையின் 11-ஆவது ஷரத்தையும் அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவையும் அருகருகே வைத்துப் படித்து, வறுமை குற்றமல்ல, கெட்ட எண்ணம் நிரூபிக்கப்பட வேண்டும் என்றார். கிருஷ்ணய்யர் மலபார் சென்னை மாகாணத்தில் இருந்த காலத்தில் தலச்சேரியில் வக்கீல் தொழில் செய்தவர். கோர்ட்டு வராந்தாக்களில் கடனாளிகளின் முகத்தைப் பார்த்திருப்பார். அந்தத் தீர்ப்பை நான் ஒரு கடனாளியின் மகனாகப் படித்திருந்தால் அழுதிருப்பேன். டிக்ரிதாரரின் மகனாகப் படித்ததால், 'நேர்மையின்றிச் சொத்தை மாற்றியவன்' என்ற இடத்தில் பென்சிலால் கோடு போட்டேன். 1990 அக்டோபர்.

ஆளை அடையாளம் காட்ட நாம்தான் உடன் போக வேண்டும். காலை ஆறரைக்கு அமீனாவும் நானும் போய்ச் சேர்ந்தோம். சூரியன் உதித்திருந்தது. மாமா திண்ணையில் பல் துலக்கிக்கொண்டிருந்தார். வயது அறுபத்தாறு இருக்கும். என்னைப் பார்த்ததும் எழுந்தார். அமீனாவைப் பார்த்ததும் எல்லாம் விளங்கிவிட்டது.

"வாங்க தம்பி" என்றார்.

அதுவரை அவர் என்னை 'வா' என்றுதான் கூப்பிட்டிருக்கிறார். வாழ்நாளில் அந்த ஒரு 'ங்க' என்னை அடித்த அளவுக்கு யாருடைய வசவும் அடித்ததில்லை.

குளித்துவிட்டு வருகிறேன் என்றார். அமீனா தலையசைத்தார். அத்தை காபி கொண்டுவந்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. அமீனா குடித்தார். எனக்குக் கொடுத்த டம்ளர் திண்ணையிலேயே ஆறிப்போனது. மாமா திருநீறு பூசி, வெளுத்த வேட்டி கட்டி, கல்யாண வீட்டுக்குப் புறப்படுவதுபோல வெளியே வந்தார். எதிர் வீட்டு வாசலில் கோலம் போட்டுக்கொண்டிருந்த பெண் நிமிரவில்லை, ஆனால் அவளுடைய கை நின்றுவிட்டது. விலங்கு கிடையாது, வண்டி கிடையாது. மூவரும் நடந்து பஸ் நிறுத்தத்துக்குப் போனோம். கோர்ட்டுக்குப் பன்னிரண்டு கிலோமீட்டர். மூன்று டிக்கெட் நான் எடுத்தேன். மாமா ஜன்னலோரம் உட்கார்ந்தார். வழியில் ஒரு சுவரொட்டியைப் பார்த்து, "நாலு கலரு. ரிஜிஸ்டர் விலகியிருக்கு, பாருங்க" என்றார். வேறு எதுவும் பேசவில்லை. உண்மையில் அந்தச் சுவரொட்டியில் சிவப்பு நிறம் ஒரு மயிரிழை தள்ளித்தான் அச்சாகியிருந்தது.

கோர்ட்டு வாசல் கடையில் அமீனா அவருக்கு இட்லி வாங்கிக் கொடுத்தார். அது என்னுடைய சாப்பாட்டுப் பணம். அவருக்கும் அது தெரிந்திருந்தது என்றே நினைக்கிறேன். தட்டை வழித்துச் சாப்பிட்டார். வெட்கப்பட்டுக்கொண்டு பாதியில் வைத்திருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும்.

பன்னிரண்டு மணிக்குக் கூப்பிட்டார்கள். அவருக்காக வந்த இளம் வக்கீல் 1980-ஆம் ஆண்டுத் தீர்ப்பைத் திக்கித் திக்கிச் சொன்னார். எங்கள் வக்கீல் எழுந்து வில்லங்கச் சான்றிதழை நீட்டினார். நீதிபதி இளவயதுக்காரர், பொறுமையானவர்.

"வீட்ட எப்ப எழுதி வச்சீங்க?"

பதில் இல்லை.

"சம்மன் வந்த பெறகா, முன்னாலயா?"

"பெறகுதான்" என்றார் மாமா. பொய் சொல்லியிருக்கலாம். ஆவணம் இருந்ததால் பயனில்லை, ஆனாலும் பலர் சொல்வார்கள். அந்தக் கணத்தில் எனக்கு ஏற்பட்டது பச்சாதாபம் அல்ல, திருப்தி. பதினாலு வருடக் கணக்கு சரியாகக் கழிபட்டது போன்ற ஒரு திருப்தி. அதை மறைத்து எழுதினால் இந்தக் கட்டுரைக்கு அர்த்தமில்லை. அவர் நிரபராதி அல்ல. எங்களை ஏமாற்றினார்.

வட்டியும் செலவும் சேர்த்து நாற்பத்து மூவாயிரம் சொச்சம். ஐயாயிரத்துக்கு மேற்பட்ட கடனுக்கு மூன்று மாதம் வரை வைக்கலாம் என்பது 2002-லிருந்து கணக்கு. இளம் வக்கீல் மாலை வரை அவகாசம் கேட்டார். நான்கு மணி வரை என்றார் நீதிபதி. என் சட்டைப் பையில் முதல் மாதத்துக்கான பணம் தயாராக இருந்தது.

மூன்றரை மணிக்கு மாமாவின் மகள் வந்தாள். அவளைக் கட்டிக் கொடுத்தது அந்த ஊரில்தான். கையில் ஒரு மஞ்சள் துணிப்பை. அதில் இருபத்தைந்தாயிரம் ரூபாய் நூறு ரூபாய்க் கட்டுகளாக இருந்தது. மீதியை மாதம் ஆயிரமாகக் கட்டிவிடுவதாக எழுதிக் கொடுத்தார்கள். வக்கீல் எண்ணிச் சரிபார்த்தார். வரவு எழுதிய இடத்தில் நான் கையெழுத்துப் போட்டேன். நிமிர்ந்தபோதுதான் பார்த்தேன். அவள் கழுத்தில் தாலி புதிய மஞ்சள் கயிற்றில் கோக்கப்பட்டிருந்தது. கயிற்றின் ஈரம் இன்னும் காயவில்லை. ரவிக்கையின் கழுத்தோரத்தில் மஞ்சள் ஒட்டியிருந்தது. கைகளில் கண்ணாடி வளையல்கள். தாலிக்கொடியும் தங்க வளையல்களும் மதியம்தான் அடகுக் கடைக்குப் போயிருக்க வேண்டும்.

"அக்கா நல்லா இருக்காளா?" என்று என்னிடம் கேட்டாள்.

நல்லா இருக்கா என்றேன்.

இருபது வருடம் கழித்தும் நான் யோசிப்பது இதைத்தான். பெண்ணைக் கைது செய்யாதே என்கிறது ஒரு பிரிவு. பெண்ணின் கழுத்திலிருப்பதைத் தொடாதே என்கிறது இன்னொரு பிரிவு. அன்று யாரும் அவளைக் கைது செய்யவில்லை, அவளுடைய நகையை ஜப்தி செய்யவும் இல்லை. சட்டம் ஓர் எழுத்துக்கூட மீறப்படவில்லை. ஒரு கிழவரைக் காலை ஆறரை மணிக்குத் தெரு வழியாக நடத்திக் கூட்டிக்கொண்டு போனோம், அவ்வளவுதான். ஜப்தி மனு போக முடியாத இடத்துக்குக் கைது மனு போகிறது. அப்பனின் உடம்பைப் பிடித்தால் மகளின் கழுத்து தானே திறக்கிறது. எங்கள் வக்கீலுக்கு இது ஆதியிலிருந்தே தெரியும். அன்று காலையிலேயே அவர் சொன்னார்: "சார், ஆள் ஜெயிலுக்குப் போக மாட்டார், பாருங்க. மானஸ்தன். மானமில்லாதவனா இருந்தா நான் இந்த மனுவையே போடச் சொல்லியிருக்க மாட்டேன்." மானமில்லாதவர்கள் ஐ.பி. கொடுத்துவிட்டு, மஞ்சள் கடுதாசிக்காரன் என்ற பெயரோடு அதே தெருவில் நிம்மதியாக நடமாடுகிறார்கள். பெரிய கடன்காரர்களின் வாசலுக்கு எந்த அமீனாவும் காலை ஆறரை மணிக்குப் போய் நான் பார்த்ததில்லை.

எதிர்த் தரப்பு நியாயமும் எனக்குத் தெரியும். அந்த மனு இல்லாவிட்டால் எங்களுக்கு ஒரு பைசா வந்திருக்காது. என் அக்காவின் கழுத்திலிருந்து எடுத்தது யார் என்று கேட்டால் என்ன சொல்வது? அவளுடைய ஐந்து வருடத்தை எந்தக் கோர்ட்டில் நிறைவேற்று மனுப் போட்டு வாங்குவது? இரண்டு பேரும் ஒரே வகுப்பில், ஒரே பெஞ்சில் படித்தவர்கள்.

திரும்பும்போது அவர்கள் இருவரும் பஸ் நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தார்கள். நான் டீக்கடைக்குள் போய் நின்றேன். பஸ் வந்தது. மாமா ஏறும்போது திரும்பி, நான் வருகிறேனா என்று பார்த்தார். நான் அடுத்த பஸ்ஸில் வந்தேன்.

வீட்டில் அம்மா பணத்தை எண்ணவில்லை. "யாரு குடுத்தா?" என்றாள். சொன்னேன். பதினைந்து வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்த வாக்கியத்தை இப்போது சொல்வாள் என்று எதிர்பார்த்தேன்.

"கழுத்துல என்ன கெடந்தது?"

"மஞ்சக் கயிறு."

அம்மா பையை வாங்கி, அப்பாவின் தகரப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினாள். அக்காவின் மகளுக்குத் தோடு செய்ய அதை வெளியே எடுத்தபோது இரண்டு வருடம் ஆகியிருந்தது.

மீதிப் பணம் மாதாமாதம் அம்மா பெயருக்கு மணியார்டரில் வந்தது. பத்தாம் தேதி வாக்கில் தபால்காரர் வருவார். அம்மா கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு கையெழுத்துப் போடுவாள். செய்தி எழுதும் இடம் எப்போதும் காலியாக இருக்கும். அனுப்புநர் இடத்தில் முதல் இரண்டு மாதம் மாமாவின் பெயர், அந்த அழகான கையெழுத்தில். மூன்றாம் மாதத்திலிருந்து மகளின் பெயர். பதினோரு மாதம் வந்தது. பன்னிரண்டாம் மாதம் நான் ஊரில் இருந்தேன். தபால்காரர் சைக்கிளில் எங்கள் வீட்டைத் தாண்டிப் போனார். திண்ணையில் உட்கார்ந்திருந்த அம்மா கண்ணாடியைக் கழற்றிக் கூட்டில் போட்டுவிட்டு உள்ளே எழுந்து போனாள். அவளும் கேட்கவில்லை, நானும் வக்கீலுக்கு எழுதவில்லை.